ஒரு நாடு சட்டத்தை மீறினால் என்ன ஆகும்? அரசுப் பொறுப்பு பற்றி ஓர் எளிய விளக்கம்

எங்கோ ஒரு போர் மூண்டாலும், ஒரு தூதரகம் தாக்கப்பட்டாலும், விவாதங்களில் ஒரே கேள்வி சுற்றிச் சுற்றி வரும்: "இந்த நாட்டைச் சர்வதேச நீதிமன்றம் தண்டிக்குமா?" தண்டிக்கத்தான் வேண்டும் என்பார் ஒருவர். போலீஸே இல்லாத இடத்தில் சட்டமாவது மண்ணாவது என்பார் இன்னொருவர். சண்டை போட்டுக்கொள்ளும் இருவர் மனதிலும் இருப்பது தண்டனை மட்டும்தான். ஆனால் இன்றைய சர்வதேசச் சட்டத்தில் ஒரு நாட்டுக்குத் தண்டனை விதிக்கும் ஏற்பாடே கிடையாது. நாட்டைச் சிறையில் போட முடியாது, தண்டனையாக அபராதமும் போடுவதில்லை. இருப்பது வேறொன்று. அதற்கு அரசுப் பொறுப்பு என்று பெயர். ஒரு நாடு தன் சர்வதேசக் கடமையை மீறினால், அந்த மீறலின் விளைவுகளை அந்த நாடே சரிசெய்தாக வேண்டும் என்பது அதன் சாரம்.

குழப்பத்துக்கு இன்னொரு காரணம், ஒரே ஊரில் இரண்டு நீதிமன்றங்கள் இருப்பது. நெதர்லாந்தின் ஹேக் நகரில் ஐ.நா.வின் சர்வதேச நீதிமன்றம் இருக்கிறது. அங்கே வழக்காடுவது நாடுகள் மட்டுமே. அதே ஊரில் 2002 முதல் சர்வதேச குற்றவியல் நீதிமன்றமும் இருக்கிறது. அது தனிமனிதர்களை, அதாவது தளபதிகளையும் தலைவர்களையும் போர்க்குற்றம் போன்றவற்றுக்காக விசாரிப்பது. செய்திகளில் இரண்டும் "ஹேக் நீதிமன்றம்" ஆகிவிடுகின்றன. இந்தக் கட்டுரை முதல் வகையைப் பற்றியது.

## ஒரு லாரியும் ஒரு மதில் சுவரும்

ஒரு நிறுவனத்தின் லாரி, வேலை நேரத்தில், யாருடைய மதில் சுவரையோ இடித்துத் தள்ளிவிடுகிறது என்று வைத்துக்கொள்வோம். அங்கே இரண்டு விவகாரங்கள் தனித்தனியே ஓடும். ஓட்டுநர் குடித்திருந்தாரா என்று போலீஸ் பார்க்கும். அது அவர் மேல் வரும் குற்ற வழக்கு. இடிந்த சுவரைக் கட்டித் தருவது யார் என்பது வேறு விவகாரம். அதை நிறுவனத்திடம்தான் கேட்போம். "முதலாளி லாரியிலேயே இல்லையே" என்றால் யாரும் கேட்க மாட்டார்கள். "அந்த வழியாகப் போகாதே என்று ஓட்டுநரிடம் சொல்லியிருந்தோம்" என்ற பதிலும் சுவர்க்காரரிடம் செல்லாது.

அரசுப் பொறுப்பு ஏறக்குறைய இந்த இரண்டாவது விவகாரம் மாதிரி. அரசு என்பது கையும் காலும் இல்லாத ஒன்று. அதற்காகச் செயல்படுவது மனிதர்களே. யார் செய்தது அரசின் செயலாகும், அது எந்தக் கடமையை மீறியது, அப்புறம் என்ன செய்ய வேண்டும் என்பதைச் சொல்லும் விதிகளின் தொகுப்புதான் இது. ஒப்புமை ஓர் இடத்தில் உதவாது என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்: நிறுவனம் விரும்பாவிட்டாலும் அதை நீதிமன்றத்துக்கு இழுக்க முடியும். நாட்டை அப்படி இழுக்க முடியாது. அதைப் பிறகு பார்ப்போம்.

## விதிகள் எங்கே எழுதப்பட்டிருக்கின்றன?

ஐ.நா.வின் சர்வதேசச் சட்ட ஆணையம் 1950களில் இந்த வேலையைத் தொடங்கி, 2001-இல்தான் முடித்தது. 59 பிரிவுகள். ஐ.நா. பொதுச் சபை அதே ஆண்டு டிசம்பரில் அவற்றைக் கவனத்தில் கொண்டதாகத் தீர்மானம் போட்டதோடு சரி. நாடுகள் கையெழுத்திடும் ஒப்பந்தமாக இன்றுவரை அது மாறவில்லை. ஆனாலும் நீதிமன்றங்கள் அதை எடுத்தாளுகின்றன. காரணம், அதில் உள்ளவற்றில் பெரும்பகுதி ஏற்கெனவே வழக்காற்றுச் சட்டம். அதாவது, நாடுகள் இது தங்கள் கடமை என்று ஏற்று நெடுங்காலமாக நடந்துவரும் வழக்கம், யாரும் ஒப்பமிடாமலே சட்டமாகிவிட்டது.

அந்த 59 பிரிவுகளின் அடித்தளம் இரண்டு கேள்விகள்தான். செயல் அந்த அரசினுடையதா? அது அந்த அரசின் சர்வதேசக் கடமையை மீறியதா? இரண்டுக்கும் "ஆம்" என்றால் பொறுப்பு வந்துவிடும். கெட்ட நோக்கம் இருந்ததா என்று பொதுவாகத் துருவ வேண்டியதில்லை. மீறப்பட்ட கடமையே நோக்கத்தைக் கேட்டால் மட்டும் அது தேவை. இனப்படுகொலை அப்படி ஒரு விலக்கு.

## யார் கணக்கில் எழுதுவது?

முதல் கேள்விதான் சிக்கலானது. ஒரு மனிதரின் செயலை அரசின் கணக்கில் எழுதுவதைச் சட்டத்தில் உரித்தாக்குதல் என்பார்கள்.

எளிய பக்கம் இது: அரசின் எந்த உறுப்பு செய்தாலும் அது அரசின் செயல்தான். அமைச்சர், ராணுவம், போலீஸ், நாடாளுமன்றம், நீதிபதி, மாகாண ஆளுநர், கடைநிலை எழுத்தர் வரை. "எங்கள் நீதிமன்றம் சுதந்திரமானது, அரசு தலையிட முடியாது" என்பது உள்நாட்டில் பெருமைக்குரிய விஷயமாக இருக்கலாம். வெளியிலிருந்து பார்க்கிறவருக்கு எல்லாம் ஒரே அரசு.

உத்தரவை மீறிச் செய்தால்? அப்போதும் அரசின் செயல்தான், அதிகாரத் தோரணையில் செய்திருந்தால். 1929-இல் முடிந்த கேர் வழக்கு இதற்குப் பழைய உதாரணம். மெக்சிகோவில் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் ராணுவ அதிகாரிகள் பணம் கேட்டார்கள். கொடுக்காததால் படைமுகாமுக்குக் கொண்டுபோய், கடைசியில் சுட்டுக் கொன்றார்கள். எந்த மேலதிகாரியும் அப்படிச் செய்யச் சொல்லவில்லை. ஆனால் அவர்கள் பயன்படுத்தியது தங்கள் பதவியையும், அந்தப் பதவி கொடுத்த வசதிகளையும். மெக்சிகோவே பொறுப்பு என்று தீர்ப்பானது. அதே அதிகாரி விடுமுறையில் பக்கத்து வீட்டுக்காரரோடு சொந்தப் பகையில் மோதியிருந்தால் கதை வேறு.

## தெஹ்ரான், 1979

தனியார் செய்யும் செயல் பொதுவாக அரசின் கணக்கில் வராது. இதை வைத்து "அப்படியானால் அரசு தப்பித்துவிடும்" என்று பலர் முடிவுகட்டுவார்கள். அது ஏன் சரியல்ல என்பதற்குத் தெஹ்ரான் தூதரக வழக்கைவிட நல்ல பாடம் இல்லை. அதனால் இங்கே கொஞ்சம் நிதானமாகப் போகலாம்.

1979 நவம்பர் 4 அன்று ஈரானியத் தலைநகரில் ஒரு கூட்டம் அமெரிக்கத் தூதரகத்துக்குள் நுழைந்து ஊழியர்களைச் சிறைபிடித்தது. அவர்களில் 52 பேர் 444 நாட்கள் பிணைக்கைதிகளாக இருந்தார்கள். அமெரிக்கா வழக்குப் போட்டது, ஈரான் நேரில் வந்து வாதாடவில்லை. 1980 மே மாதம் வந்த தீர்ப்பு, நிகழ்ச்சியை இரண்டு கட்டங்களாகப் பிரித்தது.

முதல் கட்டம் தாக்குதல் நாள். உள்ளே நுழைந்தவர்கள் மாணவர்கள் என்று சொல்லிக்கொண்டவர்கள். அரசு உறுப்புகள் அல்லர். அரசு அவர்களை ஏவியதற்குச் சான்று போதவில்லை. எனவே அந்த நுழைவு நேரடியாக ஈரானின் செயல் அல்ல என்றது நீதிமன்றம். ஆனால் அங்கேயே நிற்கவில்லை. தூதரகத்தைப் பாதுகாப்பது, தூதரக உறவுகளுக்கான வியன்னா உடன்படிக்கையின்படி ஈரானின் சொந்தக் கடமை. தூதரகம் திரும்பத் திரும்ப உதவி கேட்டும் பாதுகாப்புப் படை வரவில்லை. அதே ஆண்டு பிப்ரவரியில் இதே தூதரகம் தாக்கப்பட்டபோது அதிகாரிகள் வந்து நிலைமையை அடக்கியிருந்தார்கள். ஆகவே நவம்பரில் முடியாமல் போனது என்று சொல்ல வழியில்லை. மாணவர்கள் செய்தது மாணவர்களின் செயல். தடுக்காமல் இருந்தது ஈரானின் செயல்.

இரண்டாம் கட்டம் நவம்பர் 17 அன்று தொடங்குகிறது. அன்று ஈரானியப் புரட்சியின் தலைவர் அயதுல்லா கொமெய்னி வெளியிட்ட ஆணை, கைப்பற்றலுக்கு அரசின் முத்திரையைக் குத்தியது. ஈரான் கேட்பதை அமெரிக்கா செய்யும்வரை நிலைமை இப்படியே இருக்கும் என்றது. அந்த நொடியிலிருந்து, பிணைக்கைதிகளை வைத்திருப்பது ஈரான் அரசின் செயலாகவே ஆனது. ஒரு செயலைத் தனதென்று அரசு ஏற்று அரவணைத்தால், அது அரசின் கணக்கில் ஏறிவிடும்.

இந்தத் தீர்ப்பை நான் அடிக்கடி எடுத்துக்காட்டுவதற்குக் காரணம், "அரசு செய்ததா, தனியார் செய்தாரா" என்ற இரட்டைக் கேள்வி எவ்வளவு மொட்டையானது என்பதை அது காட்டுவதுதான். லாரியை வேறொருவர் திருடி ஓட்டியிருக்கலாம். சாவியை வண்டியிலேயே விட்டுவிட்டுப் போனது யார் என்ற கேள்வி தனியாக நிற்கும்.

## எல்லைக்கு அப்பாலுள்ள ஆயுதக் குழுக்கள்

இன்றைய தகராறுகளில் பெரும்பாலானவை இந்த இடத்தில்தான். ஒரு நாடு பக்கத்து நாட்டிலுள்ள ஆயுதக் குழுவுக்குப் பணமும் துப்பாக்கியும் பயிற்சியும் தருகிறது. குழு கிராமங்களைக் கொளுத்துகிறது. அது யார் செயல்?

1986-இல் நிகராகுவா வழக்கில் சர்வதேச நீதிமன்றம் இதற்குக் கடினமான அளவுகோல் வைத்தது. நிகராகுவா அரசை எதிர்த்த கான்ட்ரா கிளர்ச்சியாளர்களுக்கு அமெரிக்கா பணம் தந்தது, ஆயுதம் தந்தது, பயிற்சி தந்தது. ஆனாலும் கான்ட்ராக்கள் செய்த அட்டூழியங்களை அமெரிக்காவின் செயலாகக் கொள்ள, அந்தக் குறிப்பிட்ட நடவடிக்கைகளின் மேல் அமெரிக்காவுக்குச் செயலளவில் கட்டுப்பாடு இருந்திருக்க வேண்டும். அது நிரூபிக்கப்படவில்லை. அதற்காக அமெரிக்கா வென்றுவிடவில்லை: குழுவுக்கு ஆயுதமும் பயிற்சியும் தந்ததும், துறைமுகங்களில் கண்ணிவெடி வைத்ததும் அமெரிக்காவின் சொந்த மீறல்கள் என்று தீர்ப்பானது.

செர்பியாமேல் போஸ்னியா தொடுத்த வழக்கில் 2007-இல் வந்த தீர்ப்பிலும் அதே அளவுகோல்தான். 1995-இல் ஸ்ரெப்ரெனிட்சாவில் நடந்தது இனப்படுகொலை; அதைச் செய்த போஸ்னிய செர்பியப் படையின் செயலைச் செர்பியாவின் கணக்கில் எழுத முடியாது; ஆனால் தடுக்கும் கடமையையும், குற்றவாளிகளைத் தண்டிக்கும் கடமையையும் செர்பியா மீறியது. அளவுகோல் மிகவும் உயரத்தில் இருக்கிறது, பினாமிப் போர் நடத்தும் நாடுகளுக்கு இது வசதி என்ற விமர்சனம் உண்டு. முன்னாள் யுகோஸ்லாவியாவில் நடந்த போர்க்குற்றங்களை விசாரித்த ஐ.நா. தீர்ப்பாயம் 1999-இல் இதைவிடத் தளர்வான அளவுகோலைக் கையாண்டது. எனக்கும் அந்த விமர்சனத்தில் நியாயம் இருப்பதாகவே படுகிறது.

இதுவரை பார்த்ததைச் சுருக்கிச் சொன்னால்: அரசு உறுப்புகள் செய்வது, அதிகாரம் மீறிச் செய்தாலும், அரசின் செயல். தனியார் செய்வது, அரசு ஏவினாலோ கட்டுப்படுத்தினாலோ பிறகு தனதென்று ஏற்றாலோ அரசின் செயல். இவை எதுவும் இல்லாவிட்டாலும், தடுக்கவேண்டிய கடமை இருந்து தடுக்காமல் விட்டால் அந்த விடுதலுக்கு அரசே பொறுப்பு.

## "எங்கள் சட்டம் அனுமதிக்கிறதே!"

இரண்டாவது கேள்வி, கடமை மீறப்பட்டதா என்பது. கடமை எங்கிருந்து வருகிறது என்பதைப் பொறுத்த விஷயம் அது: நாடு கையெழுத்திட்ட ஒப்பந்தம், வழக்காற்றுச் சட்டம், இப்படி. இங்கே ஒரு விதியைத்தான் அழுத்திச் சொல்ல வேண்டும். உள்நாட்டுச் சட்டத்தைக் காட்டிச் சர்வதேசக் கடமையிலிருந்து நழுவ முடியாது.

அமெரிக்காவின் அரிசோனா மாகாணத்தில் இரண்டு ஜெர்மன் சகோதரர்களுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. கைதானபோது, தங்கள் நாட்டுத் தூதரகத்தின் உதவியைக் கேட்கலாம் என்று அவர்களிடம் யாரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்பது 1963-ஆம் ஆண்டின் வியன்னா உடன்படிக்கை (முன்பு பார்த்ததல்ல, துணைத் தூதரகங்கள் பற்றிய இன்னொன்று). ஒருவருக்குத் தண்டனை நிறைவேறிய பிறகு, 1999 மார்ச் 2 அன்று ஜெர்மனி சர்வதேச நீதிமன்றத்துக்கு ஓடியது. மறுநாளே, வழக்கு முடியும்வரை இரண்டாமவரின் தண்டனையை நிறுத்திவைக்க எல்லா நடவடிக்கையும் எடுங்கள் என்று உத்தரவு வந்தது. அன்றே அவரும் கொல்லப்பட்டார். மாகாணத்தின் முடிவில் மத்திய அரசு தலையிட முடியாது என்ற வாதம் எடுபடவில்லை. ஆளுநரும் அமெரிக்காவின் கடமைக்கேற்ப நடந்தாக வேண்டியவரே. 2001 தீர்ப்பில் அமெரிக்கா கடமை மீறியது உறுதியானது. லாக்ராண்ட் வழக்கு என்று பெயர்.

## ஏற்கப்படும் காரணங்கள்

சில சூழ்நிலைகளில், மீறல்போலத் தெரிவது மீறலாகக் கொள்ளப்படாது. அப்படி ஆறு இருக்கின்றன: பாதிக்கப்பட்ட நாட்டின் சம்மதம், தற்காப்பு, பதில் நடவடிக்கை, தடுக்கவே முடியாத புறச் சக்தி, உயிர் காக்க வேறு வழியில்லாத நெருக்கடி, இன்றியமையாமை. பெயர்களைப் பார்த்தால் வாசல் அகலமாகத் தெரியும். உள்ளே போக முயன்றவர்கள் பெரும்பாலும் திரும்பித்தான் வந்திருக்கிறார்கள். டான்யூப் நதியின் அணைத் திட்டத்தைப் பாதியில் விட்ட ஹங்கேரி, சுற்றுச்சூழல் ஆபத்தைக் காட்டி இன்றியமையாமை என்றது. ஆபத்து உடனடியானது என்று காட்டப்படவில்லை என 1997-இல் அந்த வாதம் தள்ளப்பட்டது.

பதில் நடவடிக்கை பற்றி மட்டும் ஒரு வார்த்தை. ஒரு நாடு தனக்குச் செய்யவேண்டியதைச் செய்யாதபோது, பாதிக்கப்பட்ட நாடு தானும் அந்த நாட்டுக்குச் செய்யவேண்டிய ஒரு கடமையைத் தற்காலிகமாக நிறுத்திவைக்கலாம். நோக்கம் வழிக்குக் கொண்டுவருவது, பழிவாங்குவது அல்ல. பாதிப்புக்கு ஏற்ற அளவில் இருக்க வேண்டும், ஆயுதபலம் கூடவே கூடாது. தூதரை வெளியேற்றுவது போன்றவை இதில் சேராது. அவை நட்பற்ற செயல்கள், ஆனால் முதலிலிருந்தே சட்டப்படியானவை.

## பொறுப்பு உறுதியானால்?

முதலில் நிறுத்த வேண்டும். பிறகு ஈடுசெய்ய வேண்டும். தவறின் விளைவுகள் அனைத்தையும் முடிந்தவரை துடைத்தெறிய வேண்டும் என்று 1928-லேயே, ஒரு தொழிற்சாலையைப் பறித்துக்கொண்ட வழக்கில், அன்றைய உலக நீதிமன்றம் சொல்லிவிட்டது. பழைய நிலையைத் திரும்பக் கொண்டுவருவது முதல் தேர்வு: பிடித்தவரை விடுவது, எடுத்ததைத் திருப்பித் தருவது. முடியாததற்குப் பண இழப்பீடு. பணத்தால் அளக்க முடியாத அவமதிப்புக்கு நிறைவளித்தல்: மன்னிப்புக் கேட்பது, தவறை ஒப்புக்கொள்வது, அல்லது நீதிமன்றமே "மீறல் நடந்தது" என்று அறிவிப்பது.

இந்த மூன்றாவது வகையைப் பலர் வெறும் சம்பிரதாயம் என்று நினைக்கிறார்கள். 1985 ஜூலை 10 அன்று நியூசிலாந்தின் ஆக்லாந்து துறைமுகத்தில் ரெயின்போ வாரியர் என்ற, கிரீன்பீஸ் சுற்றுச்சூழல் அமைப்பின் கப்பல் இரண்டு குண்டுகளால் மூழ்கடிக்கப்பட்டது. புகைப்படக் கலைஞர் ஒருவர் இறந்தார். வைத்தவர்கள் பிரெஞ்சு உளவாளிகள். பிரான்ஸ் முதலில் மறுத்தது, செப்டம்பரில் ஒப்புக்கொண்டது. ஐ.நா. பொதுச்செயலாளர் நடுவராக இருந்து 1986-இல் சொன்ன முடிவில் 70 லட்சம் டாலர் இருந்தது. ஆனால் அதற்கு முன்னால் வந்தது, நிபந்தனையற்ற முறையான மன்னிப்பு. பிடிபட்ட இரு அதிகாரிகளும் பசிபிக்கில் உள்ள ஹாவ் என்ற தீவுத் தளத்தில் மூன்றாண்டு இருக்க வேண்டும் என்றும் ஏற்பாடு. பிரான்ஸ் ஒருவரை வைத்தியத்துக்கென்றும் இன்னொருவரைக் குடும்பக் காரணங்களுக்காகவும் முன்கூட்டியே ஊருக்கு அழைத்துக்கொண்டது. தடுக்கவே முடியாத புறச் சக்தி என்று அதற்கு ஒரு சாக்கு. 1990-இல் நடுவர் மன்றம் அதை ஏற்கவில்லை. கடமையை நிறைவேற்றுவது கஷ்டமாகிவிட்டது என்பது முடியாமலே போனதாகாது.

## வழக்கும் வசூலும்

லாரி உவமை உதவாத இடம் இதுதான். ஒரு நாடு ஏதாவது ஒரு வகையில் சம்மதித்திருந்தால் மட்டுமே சர்வதேச நீதிமன்றம் அதை விசாரிக்க முடியும்: குறிப்பிட்ட ஒப்பந்தத்தில் முன்கூட்டியே ஒப்புக்கொண்டிருக்கலாம், பொதுவாக அறிவித்திருக்கலாம், அந்த வழக்குக்கென்றே சரி என்று சொல்லலாம். சம்மதம் இல்லையென்றால் வழக்கு இல்லை. ஆனால் பொறுப்பு இருந்துகொண்டுதான் இருக்கும். நீதிமன்றம் தொடாததால் மீறல் மீறல் அல்லாமல் போய்விடாது. இனப்படுகொலைத் தடை போன்ற, உலகம் முழுவதற்குமே பட்ட கடமைகளில், நேரடியாகப் பாதிக்கப்படாத நாடும் கேட்கலாம். மியான்மர்மேல் 2019-இல் காம்பியா வழக்குத் தொடுத்தது அப்படித்தான்.

தீர்ப்பு வந்தபின் பணம் வருமா? நிகராகுவாவுக்கு வரவில்லை. தீர்ப்பை நிறைவேற்றச் சொல்லிப் பாதுகாப்பு கவுன்சிலுக்குப் போனது, அமெரிக்கா வீட்டோவால் தடுத்தது. இழப்பீட்டுத் தொகை முடிவாகும் முன்பே 1991-இல் நிகராகுவா வழக்கைக் கைவிட்டது.

அல்பேனியா பணம் கொடுத்தது, ஆனால் எப்போது? 1946-இல் கோர்ஃபு நீரிணையில் பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் கண்ணிவெடியில் சிக்கி 44 மாலுமிகள் இறந்தார்கள். வெடிகளை வைத்தது யார் என்று நிரூபிக்கப்படவில்லை. கரையோரக் காவலிருந்த அல்பேனியாவுக்குத் தெரியாமல் வைத்திருக்கவே முடியாது, தெரிந்தும் எச்சரிக்கவில்லை என்பதற்காகப் பொறுப்பு விழுந்தது. 1949-இல் நிர்ணயித்த தொகை 8,43,947 பவுண்டு. பனிப்போர் முடிந்த பிறகு 20 லட்சம் டாலருக்கு ஒப்பந்தமாகி, 1996-இல் கணக்குத் தீர்ந்தது. பதிலுக்குப் பிரிட்டன் பிடித்து வைத்திருந்த அல்பேனியத் தங்கத்தை விடுவித்தது.

குவைத்தை ஆக்கிரமித்த ஈராக்கின் நிலை வேறு. 1991-இல் பாதுகாப்பு கவுன்சிலே இறங்கி, ஈராக்கின் எண்ணெய் வருமானத்தில் ஒரு பங்கை இழப்பீட்டு நிதிக்குத் திருப்பியது. 5,240 கோடி டாலர். கடைசித் தவணை 2022 ஜனவரியில் கட்டப்பட்டது. தோற்ற நாட்டின் வருமானம் கையில் இருந்ததால் முடிந்த வசூல் அது, எல்லாருக்கும் கிடைக்காத வசதி.

காங்கோவும் உகாண்டாவும் இந்த இரண்டுக்கும் நடுவில். கிழக்குக் காங்கோவில் உகாண்டா படைகள் செய்தவற்றுக்கு அந்த நாடே பொறுப்பு என்று 2005-இல் முடிவானது. தொகையைப் பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள் என்றது நீதிமன்றம், பேச்சு தோற்றது. காங்கோ 1,100 கோடி டாலருக்கு மேல் கேட்டது. 2022 பிப்ரவரியில் கிடைத்தது 32.5 கோடி: மக்களுக்கு நேர்ந்த பாதிப்புக்கு 22.5 கோடி, சொத்துகளுக்கு 4 கோடி, கொள்ளைபோன இயற்கை வளங்களுக்கு 6 கோடி. ஆண்டுக்கு 6.5 கோடியாக ஐந்து தவணை, தாமதித்தால் 6 சதவீத வட்டி. முதல் தவணையை உகாண்டா அந்த செப்டம்பரிலேயே கட்டியது.